ராகுகாலம் முடியட்டுங்க

இல்லீங்க சார், இப்ப உள்ள போக முடியாதுங்க. தப்பா நினைச்சுக்காதீங்க. இன்னைக்குத் திங்கக்கிழமை, ஏழரைல இருந்து ஒன்பது ராகுகாலம். நீங்களும் தமிழ் ஆளு, சென்னைன்னு சொல்றீங்க, உங்களுக்கு நான் சொல்லணுமா. இந்த நேரத்துல பொணத்த வாசப்படி தாண்டி எடுத்தா அப்புறம் வீட்ல இருக்கறவங்க கதி என்னாகறது. ஒன்பது அடிக்கட்டும். நானே ஒரு பக்கம் தூக்கி விடறேன். உங்க காகிதமெல்லாம் பாத்துட்டேன், சரியா இருக்குது. செத்துப் போன அண்ணனோட நாட்டு முத்திரை, அவரு அக்கா மகன் கையெழுத்து, எல்லாம் இருக்குது. நான் தகராறு பண்ணப் போறதில்லீங்க.

டிரைவர வண்டிய அக்கட்டால மரத்து நெழல்ல போடச் சொல்லுங்க. தண்ணி லாரி வர்ற நேரம், அப்புறம் இந்தச் சந்துல கன்னடத்துல திட்டு விழும்.

உள்ள யாருங்களா, என் சம்சாரம் மகேஸ்வரிங்க. கதவச் சாத்திக்கிட்டு உக்காந்திருக்கா. அந்தச் சத்தமா, அது ஐஸ் பெட்டி. நேத்து சாயங்காலம் வாடகைக்கு எடுத்தது, பழைய பெட்டி, டிராக்டர் மாதிரி உறுமுது. அண்ணனுக்குப் பிடிச்சிருக்கும். சத்தம்னா அவருக்கு உசுரு.

காபி எடுத்துக்கங்க. எங்க வீட்டுதில்ல, சாவு வீட்ல அடுப்பு மூட்டறதில்லையே. பக்கத்து வீட்டுக் கமலம்மா கொடுத்து விட்டது. சர்க்கரை கம்மியா இருந்தாச் சொல்லுங்க.

கூட்டத்தையே காணோமேன்னு பாக்கறீங்களா. முகூர்த்த நாளுங்க. மேளக்காரன் பொழைப்பு அப்படித்தான், எவன் செத்தாலும் எங்கியோ ஒருத்தன் தாலி கட்டிக்கிட்டு இருப்பான். எங்க மேளத்துப் பசங்க எல்லாம் கல்யாணச் சத்திரத்துல இருக்கறாங்க. மக ஜீவிதா பூ வாங்கப் போயிருக்கா. அண்ணன்கிட்டத்தான் தவிலு கத்துக்கிட்டா. வந்துருவா.

உங்க சட்டைய வாசல்ல பாத்ததுமே எனக்குத் தெரிஞ்சு போச்சு. நீலச் சட்டை, பையில பறவைப் படம். நோயாளியையும் பொணத்தையும் நாடு விட்டு நாடு கொண்டு போற உங்க கம்பெனி ஆளுங்களை முன்னாடி ஒரு தரம் பாத்திருக்கறேன். நீங்க இல்ல. நீங்க அப்ப காலேஜ் படிச்சிருப்பீங்க. அதுக்கு வர்றேன்.

அவரு பேரு லாஸ்லோ. உங்க காகிதத்துல நீளமா இருக்குது, நம்ம வாய்ல வராது. எங்களுக்கு லாசண்ணன். அவங்க ஊர்ல அவரும் மேளக்காரருதான், ஆனா வேற மாதிரி. பெரிய பெரிய தாமிர அண்டா, மேல தோலு. நூறு பேரு பிடில் வாசிப்பாங்களாம், இவரு பின்னால நின்னுக்கிட்டே இருக்கணுமாம். நோட்டுல பக்கம் பக்கமாத் திரும்பற வரைக்கும் சும்மா நிக்கணும். அப்புறம் டம்முனு ஒண்ணு. மறுபடி நிக்கணும். நின்னு நின்னே முப்பது வயசாயிருச்சுடா கணேசாம்பாரு.

ஒரு தசராவுக்கு ஊர் பாக்க வந்திருக்காரு. லாட்ஜுக்குப் பின்னால கல்யாணச் சத்திரம். அங்க எங்க சித்தப்பா சென்னப்பன் தவிலு, நான் நாயனம். எங்களுக்குக் கௌதள்ளி பக்கமுங்க, ஹனூர் தாலூக்கா, கர்நாடகத்துக்குள்ளதான். மைசூருக்கு வாசிக்க வந்து அப்படியே தங்கிட்டவங்க. கெட்டிமேளம் போயிட்டிருக்கு, இந்த மனுசன் பாதி முகம் சோப்போட, பனியனோட ஓடி வந்துட்டாரு. யாரையோ போட்டு அடிக்கறாங்கன்னு நினைச்சாராம். உண்மையுங்க, அவரே சொல்வாரு. விலக்கி விடலாம்னு வந்தாராம்.

வந்தவரு தவிலுக்கு நேரா நின்னுட்டாரு. தவிலு வாசிக்கறவங்க வலது கை விரலுக்குக் கூடு போடுவாங்க, தெரியுமில்ல? துணிய நாடா நாடாக் கிழிச்சு, மாவுப் பசை போட்டுச் சுத்தி, காய வச்சு, கல்லு மாதிரி ஆக்கறது. அன்னைக்குச் சித்தப்பாவுக்கு ஒரு கூடு விண்டு போய் ரத்தம் ஒழுகுது. தோலு மேல தெறிக்குது. நிறுத்தல. தாலி ஏறற நேரம், நிறுத்த முடியாது. முடிஞ்சதும் இவரு கிட்ட வந்து, தோலுல இருந்த ரத்தத்த விரல்ல தொட்டு மோந்து பாத்தாரு. பொண்ணு வீட்டுக்காரங்க பயந்துட்டாங்க. சித்தப்பா என்னைப் பாத்து, ஏன்டா இது குடிச்சிருக்குதான்னு கேட்டாரு.

குடிக்கல. மறுநாள் வீடு தேடி வந்து உக்காந்துட்டாரு.

சித்தப்பா கை வச்சுத்தான் சொல்லிக் கொடுப்பாரு. கணக்கு தப்பினா பூவரசங்குச்சி மணிக்கட்டுல இறங்கும். நாங்க எல்லாம் வாங்கிக்கிட்டு இருந்தோம், அதுதான் முறைன்னு. லாசண்ணன் திருப்பி அடிச்சாருங்க. குருவ. ரெண்டு பேரும் கட்டிப் புரண்டு கோழிக்கூட்டுல போய் விழுந்தாங்க. இறகெல்லாம் ஒட்டிக்கிட்டு ரெண்டும் எந்திரிச்சு, மறுபடி உக்காந்து, அதே பாடத்த முடிச்சாங்க. அதுக்கப்புறம் சித்தப்பா எங்களையும் அடிக்கல. இவனுங்க எவனாவது திருப்பிக் கொடுத்துருவானோன்னு பயம் வந்துருச்சோ என்னமோ.

சாதுவான மனுசன்னு மட்டும் நினைச்சுக்காதீங்க. பேப்பர்ல எல்லாம் போடுவாங்க, வெள்ளைக்காரர் நம்ம கலைக்குத் தன்னை அர்ப்பணிச்சாருன்னு. அர்ப்பணிப்பு, மண்ணு. நஞ்சன்கூடுல ஒரு கல்யாணம். இவரு தனி ஆவர்த்தனம் வாசிக்கறப்ப மாப்பிள்ளையோட மாமன் வந்து கன்னத்த நிமிண்டி போட்டோ எடுத்தான். சாயம் பூசியிருக்கான்னு பாத்தானாம். தவிலு வாசிக்கற குச்சியாலயே மூக்குல ஒண்ணு விட்டாரு. அந்தாளு மூக்கு அப்படியே வலது பக்கம் போயிருச்சு. பந்தி போட்டிருந்த இலைல கூட உக்காரல, தவில தூக்கிக்கிட்டு வயக்காட்டு வழியா ஓடறோம், பின்னால கரண்டியும் கட்டையுமா வர்றானுங்க. ஓடிக்கிட்டே அவரு கேக்கறாரு, டேய் கணேசா, நான் அடிய விட்ட இடம் தாளத்துல சமம்தான, தள்ளிப் போகலையே.

சிரிக்கிறீங்க. சிரிங்க, பரவால்ல. அவரப் பத்திப் பேசுனா இங்க எல்லாரும் சிரிப்பாங்க.

இந்த நாட்டப் பத்தி அவரு ஒரு நல்ல வார்த்தை சொல்லி நான் கேட்டதில்லீங்க. தண்ணியத் திட்டுவாரு, பஸ்ஸத் திட்டுவாரு, வருசா வருசம் அந்த விசா ஆபீசுக்குப் போயிட்டு வந்தாருன்னா மூணு நாளைக்கு வீட்ல பாத்திரம் பறக்கும். ஒரு டிவிப் பொண்ணு வந்து கேட்டுச்சு, உங்க நாட்ட விட்டு இங்கயே இருந்துட்டீங்களே, ஏன்னு. ஆன்மா, தத்துவம்னு ஏதாச்சும் வரும்னு அது மைக்க நீட்டிக்கிட்டு நிக்குது. இவரு, அங்க நாங்க நிக்கணும், இங்க அடிக்கலாம்னாரு. அவ்வளவுதான். அதப் போடவே இல்ல அவங்க.

மணி என்னங்க? எட்டேகாலா. இருக்குது, இருக்குது.

இப்ப அந்த விசயம். காவேரிக் கலாட்டா நடந்ததே, அந்தச் சமயம். சத்தியமங்கலத்துல ஒரு கல்யாணம் முடிச்சுட்டு வர்றோம். பொண்ணு வீட்டுக்காரங்க மரியாதைக்கு அவங்க வேனே கொடுத்து அனுப்பிட்டாங்க. தமிழ்நாட்டு நம்பர் பிளேட்டு. நாங்க யாருமே அத நினைக்கல. இங்கேயே பொறந்தவங்க, எங்க பசங்களுக்குத் தமிழை விடக் கன்னடந்தான் சரளம், நமக்கு எதுக்குங்க பிளேட்டு நினைப்பு வரப் போகுது. கொள்ளேகால் தாண்டற வரைக்கும் ஒண்ணுமில்ல. நரசீபுரம் தாண்டி ஒரு சர்க்கிள்ல டயர் எரியுது. அம்பது அறுபது பேரு. கையில தடி, கல்லு.

கண்ணாடி எல்லாம் ஒரே நேரத்துல போச்சு. டிரைவர முடியப் பிடிச்சு வெளிய இழுத்துட்டானுங்க. நான் கன்னடத்துல கத்தறேன், நாவு இல்லியவரே அண்ணா, நாங்க இந்த ஊருதான்னு. எவன் கேப்பான். எங்களுக்குச் சுருதி பிடிக்கற ஒத்துக்காரப் பையன இழுத்துப் போட்டு மிதிக்கறானுங்க. அப்பத்தான் உள்ள வெள்ளைத் தலை தெரிஞ்சுது. ஒருத்தன் எல்லாரையும் தடுத்தான். அவன் நல்லவனோ கெட்டவனோ தெரியல, வெள்ளைக்காரனத் தொட்டாக் கேசு பெரிசாயிரும்னு நினைச்சிருப்பான். நீங்க இறங்கிப் போங்க சார், உங்களுக்கும் இவனுங்களுக்கும் சம்பந்தமில்லன்னு இங்கிலீசுல சொல்லி வழி விட்டான். சத்தியமா வழி விட்டாங்க சார். ரெண்டு பக்கமும் விலகி, கல்யாண மாப்பிள்ளைக்கு விடற மாதிரி.

லாசண்ணன் இறங்குனாரு. அந்த வழில நேரா போனாருன்னா ரோட்டுக்கு அந்தப் பக்கம் டீக்கடை. போகல. கீழ கெடந்த பையன் பக்கத்துல போய் நின்னுக்கிட்டு, கன்னடத்துல சொன்னாரு: நானு இவர ஜொதே.

நான் இவங்க கூட. அவ்வளவுதான் அர்த்தம். அவருக்குக் கன்னடம் அவ்வளவுதான் வரும், பஸ்ல டிக்கெட் எடுக்கறப்ப சொல்றது. கண்டக்டர் எத்தனை பேருன்னு கேட்டா எங்களைக் கை காட்டி அதைத்தான் சொல்வாரு.

முதல் அடி தலைல. அவரு சும்மா வாங்கலீங்க, அவரு கையிலயும் குச்சி இருந்துச்சு. ரெண்டு பேரு பல்லு போயிருக்கும். நான் நாயனத்தால ஒருத்தன் மண்டைல போட்டேன். ஆச்சா மரத்துக் குழலு, எங்கப்பா வாசிச்சது. விரிசல் விட்டுப் போச்சு, அப்புறம் அதுல சுருதியே நிக்கல. நான் நிமிர்ந்து பாக்கறப்ப அண்ணன் கீழ கெடக்கறாரு. வலது கை விரல்ல கூடு போட்டபடியே வந்திருந்தாரு, கழட்டச் சோம்பேறித்தனம். அத ஒருத்தன் பாத்துட்டான். என்னமோ ஆயுதம்னு நினைச்சுக்கிட்டான். கைய ரோட்டுல விரிச்சு வச்சு, செங்கல்லு இல்லீங்க, கருங்கல்லு, அதத் தூக்கிப் போட்டான். ஒரு தரம் இல்ல. கூடு உடையற வரைக்கும். கூடு அவ்வளவு சீக்கிரம் உடையாதுங்க, நல்லாச் சுத்தினா.

அந்தச் சத்தம் இருக்குதே. நான் ஒரு ஆயிரம் கச்சேரிச் சத்தம் மறந்துட்டேன்.

தூக்கிட்டுப் போனது யாரு தெரியுமா. அந்த டீக்கடைக்காரரு. கன்னடக்காரருதான். கொதிக்கிற பால் சட்டியத் தூக்கிக்கிட்டு நடுவுல வந்தாரு, கிட்ட வந்தீங்க, மூஞ்சில ஊத்திருவேன்னு. அவனுங்க ஊருக்காரனுங்களையே. அவரு இல்லீன்னா அண்ணனும் இல்ல, நானும் இல்ல. இன்னைக்கும் தீபாவளிக்கு அவரு வீட்டுக்கு நாங்க போவோம்.

ஆஸ்பத்திரில அண்ணன் கண்ணு திறக்கல. குழாய் மாட்டிப் படுத்திருந்தாரு. அப்பத்தான் உங்க நீலச் சட்டை வந்துச்சு. நாலு பேரு. அவங்க அக்கா அனுப்புனது, பாவம், அந்தம்மாவ நான் குத்தம் சொல்லல. தம்பிய இப்படிப் போட்டு அடிச்ச ஊருல எந்த அக்கா விட்டு வைப்பா. பிளேன்ல படுக்கை போட்டுக் கூட்டிக்கிட்டுப் போயிடறதுன்னு முடிவு. நான் சொன்னேன், அவரு எந்திரிச்சதும் கேளுங்க, அவரு போறேன்னா நானே ஏத்தி விடறேன். ஒருத்தன் காகிதத்தப் பாத்துட்டு நீங்க அவருக்கு என்ன வேணும்னு கேட்டான். என்னன்னு சொல்றது? நாயனம்னேன்.

அவன் சிரிச்சான்.

நான் வண்டிக்குக் குறுக்க படுத்துட்டேன். செக்யூரிட்டி வந்து இழுத்தான், உங்க ஆளுங்கள்ல ஒருத்தன் பூட்ஸ் காலால மூஞ்சில மிதிச்சான். இங்க பாருங்க, மேல் வரிசைல, இது கட்டுனது. நாயனத்துக்காரனுக்கு இந்தப் பல்லு போனா என்னாகும்னு உங்களுக்குத் தெரியாது. வாயில வச்சு ஊதற சீவாளிய உதடு பிடிக்கணும்னா பின்னால அணை வேணுமில்ல. அன்னைல இருந்து மேல் ஸ்தாயில எனக்குக் காத்து நிக்கறதில்ல. பொய்ப்பல்லு வேற, வேகமா ஊதினா ஆடுது. வாய் நிறைய ரத்தத்தோட அந்த கேட்டுல உக்காந்து வண்டி போறதப் பாத்துக்கிட்டு இருந்தேன். பெங்களூரு ரோட்டுல திரும்பிப் போயிருச்சு.

நீங்க ஏன் தலை குனியறீங்க. நீங்க மிதிக்கலையே. காபியக் குடிங்க, ஆறிப் போச்சு பாருங்க.

ரெண்டு வருசம் ஒண்ணும் தெரியல. இருக்காரா இல்லையான்னே தெரியாது. ஒரு மத்தியானம் இதே வாசல்ல ஆட்டோ வந்து நிக்குது. இளைச்சுப் போய், கம்பளிக் குல்லா போட்டுக்கிட்டு. நான் அண்ணான்னு ஓடறேன். இடது கையாலயே விட்டாரு ஒரு அறை. அப்படியே சுவத்துல மோதிட்டேன். தெருவே பாக்குது. மறுபடி விட்டாரு. ஏன்டா என்னை அனுப்பினே, ஏன்டா விட்டே. தமிழ்ல, இந்தத் தெருவுல எவனும் பேசாத வார்த்தை எல்லாம் போட்டு. நான் வாயத் திறந்து பல்ல காட்டினேன். ஓட்டையப் பாத்தாரு. அப்புறம் அடிக்கல. வாசல்ல உக்காந்துட்டாரு. மகேஸ்வரி களி கொண்டாந்து வச்சா, தின்னாரு.

அங்க கண்ணு முழிச்சப்ப சன்னலுக்கு வெளிய பனியாம். சத்தமே இல்லையாம். செத்துட்டேன்னே நினைச்சேன்டான்னாரு. ஒரு நர்சு தட்டு கீழ போட்டாளாம், அப்பத்தான் உசுரோட இருக்கறது தெரிஞ்சுதாம்.

அன்னைக்குச் சட்டையப் பிடிச்சுக்கிட்டுச் சொன்னாரு. கணேசா, இனி நான் வாய் பேசாமக் கெடந்தேன்னா என்னை உன் வீட்டு மாடுன்னு நினைச்சுக்க. உன் மாட்ட எவனாவது பிளேன்ல ஏத்துனா விடுவியாடா?

விட மாட்டேன்னு சொன்னேன்.

வலது விரலு மடங்கவே இல்லீங்க. குச்சிய வலது உள்ளங்கையோட துணியாலச் சுத்திக் கட்டிக்கிட்டு, இடது கை விரலுக்குக் கூடு போட்டுக்கிட்டாரு. அந்த வயசுல, முதல் பாடத்துல இருந்து. மத்த மேளக்காரங்க சிரிச்சாங்க. ஒருத்தன் சிரிச்சதுக்கு அவன் தவிலுத் தோல கத்தில குத்திக் கிழிச்சுட்டாரு, அதுக்கு வேற பஞ்சாயத்து. எதுக்க ஜீவிதாவ உக்கார வச்சுச் சொல்லிக் கொடுப்பாரு. அவ வலது கை, இவரு இடது கை. கண்ணாடி பாக்கற மாதிரி இருக்கும். பொம்பளப் புள்ளைக்கு எதுக்குத் தவிலுன்னு எங்க ஆளுங்க வந்தப்ப இவரு வாசல்ல குச்சியோட உக்காந்துக்கிட்டாரு, எவனும் உள்ள வரல.

போன வாரம் மூச்சுத் திணறல்னு ஆஸ்பத்திரில சேத்தோம். முகமூடி மாட்டி வச்சிருந்தாங்க. பேச முடியல. படுக்கைக் கம்பில விரலால தட்டினாரு. நான் என்ன தாளமோன்னு கூர்ந்து கேட்டேன், தாளமில்ல, கதவக் கை காட்டிக் காட்டித் தட்டறாரு, வீடு வீடுன்னு கேக்கறாரு. கூட்டிக்கிட்டு வந்துட்டோம். நேத்து மத்தியானம், ஜீவிதா பாடம் வாசிச்சுக்கிட்டு இருக்கறப்ப, பின்னால ஓட்டல்ல பாத்திரம் கழுவற சத்தம், வெளிய கறிகாய் வண்டிக்காரன், எல்லாச் சத்தமும் இருந்துச்சு. அதுக்கு நடுவுல போயிட்டாரு. டாக்டரு வந்து பாத்து சர்டிபிகேட்டும் எழுதிக் கொடுத்துட்டாரு. ஆஸ்பத்திரில சேத்தப்பவே அக்கா மகனுக்குத் தகவல் போய், காகிதமெல்லாம் தயாரா வச்சிருந்திருக்காரு போல. அக்கா போய்ச் சேந்துட்டாங்க, அவங்க பக்கத்துல இவருக்கும் ஒரு குழி வாங்கி வச்சிருக்காங்களாம். நல்ல மனுசருதான். போன்ல அழுதாரு. நீங்க காலைல வர்றீங்கன்னும் அவருதான் சொன்னாரு.

பாத்தீங்களா, அந்தத் தடவை நான் கையக் காலப் போட்டுச் சண்டை பிடிச்சேன். பல்லுதான் போச்சு. ஒருத்தன் படுத்துக்கிட்டு வண்டிய நிறுத்த முடியாதுங்க. உக்காந்து பேசினாச் சித்த நேரம் நிறுத்தலாம். அதுவும் நீங்க பொறுமையானவரு. கேட்டுக்கிட்டே இருந்தீங்க.

இதோ, ஒன்பது ஆயிருச்சு. எந்திரிங்க.

வாம்மா ஜீவிதா. பின் வாசல் வழியாவா வந்தே. ஈரத்தோட நிக்காத, தலையத் தொடை. இவருதாம்மா சென்னைல இருந்து வந்திருக்கறாரு.

பூவெல்லாம் இல்லீங்க. தலைக்குத் தண்ணி ஊத்திட்டு வர்றா. கொள்ளி வச்சது அவதான். பொம்பளப் புள்ள வைக்கலாமான்னு கேட்டாங்க, வாசல்ல குச்சியோட உக்கார இப்ப ஆளில்லையே, அதனால நான் உக்காந்தேன். முகூர்த்தமும் ஒண்ணுமில்லீங்க இன்னைக்கு. பசங்க எல்லாம் அங்கதான் நிக்கறாங்க, அந்த டீக்கடைக்காரரு கூட. நல்ல காஞ்ச விறகு. இந்நேரம் நீங்க எவ்வளவு வேகமாப் போனாலும் எடுக்கறதுக்கு ஒண்ணும் இருக்காது.

போலீசுக்குப் போன் பண்றதுன்னா பண்ணுங்க, நான் எங்கயும் போகல. அவங்க வந்து நீ அவருக்கு என்ன வேணும்னு கேட்டாச் சொல்லிக்கறேன். அக்கா மகனுக்குச் சாம்பல்ல ஒரு பிடி வேணும்னா நாளைக்கு ஆறட்டும், தர்றேன். அந்தம்மா பக்கத்துல வைக்கட்டும்.

அம்மிணி, அம்மாவ வெளிய வரச் சொல்லு. அந்தப் பெட்டிய நிறுத்திரு. விடிஞ்சதுல இருந்து சும்மா ஓடிக்கிட்டு இருக்குது, உள்ள ஆளே இல்லாம.